பதின்மூன்றாவது வளைவு

முதல் தடவை அது நடந்தபோது கேதீஸ்வரன் அதைத் தன் காதின் பிழை என்றே எடுத்துக்கொண்டான். மெல்பர்னில் டிசம்பர் வெயில், பருவத்தின் முதல் பேஸ்பால் ஆட்டம். பதினெட்டு மீட்டர் தள்ளிக் குந்தியிருந்த புதுக் கேட்சர் மிச்சல், மணிக்கட்டில் கட்டியிருந்த பொத்தான் பட்டையை அழுத்தினான். கேதீஸ்வரனின் தொப்பிக்குள் குரல் வந்தது: "மெது, கீழ."

மெதுப்பந்தைத் தாழ்வாக எறிந்தான். மட்டைக்காரன் அவசரப்பட்டு வெறும் காற்றை அடித்தான். ஆனால் பந்து மிச்சலின் கையுறையிலும் சரியாக விழவில்லை. விளிம்பில் பட்டு மார்பில் மோதியது. அவன் அழுத்தியிருந்தது வேகப்பந்துக்கான பொத்தான்.

பேஸ்பாலில் எந்தப் பந்தை எறிவது என்று பெரும்பாலும் தீர்மானிப்பவன் அதை எறியும் பிட்சர் அல்ல, எதிரே குந்தியிருந்து அதைப் பிடிக்கும் கேட்சர்தான். முன்பெல்லாம் கேட்சர் தொடைகளுக்கு நடுவே விரல்களைக் காட்டுவான். இரண்டாம் தளத்தில் நிற்கும் எதிரணிக்காரன் அதைப் பார்த்துத் தன் அணி மட்டைக்காரனுக்குச் சைகை செய்துவிடுவான். அந்தத் திருட்டைத் தடுக்க வந்ததுதான் இந்தக் கருவி. பட்டையில் ஒன்பது பொத்தான்கள். முதல் அழுத்து பந்தின் வகை, இரண்டாவது அழுத்து அது போகவேண்டிய இடம். உடனே பிட்சரின் தொப்பிப் பட்டிக்குள் இருக்கும் மெல்லிய ஒலிபெருக்கி, முன்பே பதிந்து வைத்த குரலில் அதைச் சொல்லும். கேட்சரின் தலைக்கவசத்துக்குள்ளும் அதே குரல் கேட்கும்.

அங்கேதான் ஒரு சிக்கல். கேட்சரின் தலைக்கவசத்துக்கும் மட்டைக்காரனின் காதுக்கும் ஓர் ஆள் உயரத் தூரம்கூட இல்லை. இங்கே மைதானங்களில் கூட்டமும் குறைவு. நிசப்தமான நேரத்தில் கூர்ந்து கேட்டால் கேட்டுவிடும். அதற்கு வழி கண்டவன் துஷாந்த். ஏழு வருடம் கேதீஸ்வரனுக்குக் கேட்சராக இருந்தவன், கிரெய்கிபர்ன் புறநகரில் அவனுக்கு இரண்டு தெரு தள்ளிக் குடியிருந்தவன். இயந்திரம் எந்தப் பாஷையில் பேசினால் என்ன, தமிழில் பேசட்டுமே என்றான். தன் வீட்டுக் குசினியில் ஒரு கதிரையைப் போட்டு அமர்ந்து, நேர், மெது, வளைவு, உள்ள, வெளிய, மேல, கீழ என்று ஒவ்வொன்றாகப் பதிந்தான். குளிர்ப்பெட்டியை நிறுத்த மறந்துவிட்டான். அதனால் ஒவ்வொரு சொல்லுக்குப் பின்னாலும் மெல்லிய ரீங்காரம் ஒன்று இருந்தது.

சென்ற ஏப்ரலில், காலை ஓட்டத்தின்போது, இருபத்தொன்பது வயதில், துஷாந்தின் இதயம் நின்றுபோனது. அவனுடைய குரலை அழிக்கக் கேதீஸ்வரனுக்கு மனம் வரவில்லை. மிச்சலின் கவசத்துக்கு, ஒலியைக் குறைத்து, ஆங்கிலத்தைப் போட்டார்கள். கேதீஸ்வரனின் தொப்பியில் துஷாந்த் இருந்தான்.

ஆட்டம் முடிந்ததும் வர்ஷாவிடம் போனான். கழகத்தின் கருவிகளையும் கணக்கீடுகளையும் பார்த்துக்கொள்பவள், கோயம்புத்தூரிலிருந்து படிக்க வந்து இங்கேயே தங்கிவிட்டவள். எந்தப் பொத்தான் எப்போது அழுத்தப்பட்டது, எந்த ஒலி போனது என்று எல்லாமே கருவியில் பதிவாகும். அவள் திரையை அவன் பக்கம் திருப்பினாள்.

"பாருங்கண்ணா, ஃபாஸ்ட்பால்தான் அழுத்தியிருக்காரு. 'நேர்'னுதான் உங்களுக்கும் போயிருக்கு."

"எனக்குக் கேட்டது வேற."

"தொப்பி இறுக்கமா இருக்கோ என்னவோ. தலை பெருத்துப்போச்சா, ஜெயிச்சதுல?"

அவன் சிரித்துவிட்டுப் போனான். ஆனால் அடுத்த ஆட்டத்திலும் அது நடந்தது, அதற்கடுத்ததிலும் நடந்தது. மிச்சல் ஒன்றை அழுத்துவான், குரல் வேறொன்றைச் சொல்லும், சொன்னபடி எறிந்தால் மட்டைக்காரன் தடுமாறுவான். ஆறு ஆட்டங்களில் ஐந்தில் வென்றார்கள். மார்பெல்லாம் கன்றிப்போன மிச்சல் கடைசியில் சலித்துப்போய், நீ எதையாவது எறி, நான் எதற்கும் தயாராக இருக்கிறேன் என்று சொல்லிவிட்டான்.

அது துஷாந்த்தான் என்று கேதீஸ்வரன் நம்பத் தொடங்கியது வெற்றிகளால் அல்ல. பன்னிரண்டு என்ற எண்ணால்.

ஸ்லைடர் என்னும் வளைவுப்பந்துதான் கேதீஸ்வரனுக்குச் சோறு. பதினைந்து வயதில் கிரிக்கெட் பந்து வீசியபோது முழங்கை மடிகிறதென்று நடுவர் ஒருவர் ஒரே ஓவரில் நான்கு முறை நோ-பால் சொன்னார். அழுதுகொண்டு நின்றவனைப் பள்ளியின் பேஸ்பால் பயிற்சியாளர் கூட்டிக்கொண்டு போனார், இங்கே கையை மடக்கித்தான் எறியவேண்டும் என்று. அந்தக் கை அவனை அமெரிக்காவின் கீழ்நிலை அணிகளில் நான்கு வருடம் வைத்திருந்து திருப்பி அனுப்பியது. வளைவுப்பந்துக்கு விரல்களைப் பந்தின் நடுவில் வைக்காமல் ஓரத்தில் வைத்து, விடும் கணத்தில் பக்கவாட்டில் சீவி இழுக்கவேண்டும். பந்து நேராகப் போவதுபோல் போய்க் கடைசி இரண்டு மீட்டரில் வெளியே வழுக்கும். அந்த இழுவையை முழங்கையின் உட்புறத்தில் விரல் நீளம்கூட இல்லாத ஒரு தசைநார் தாங்கவேண்டும். அவனுடைய நாரில் ஒரு சிறு கிழிசல் இருந்தது. ஓர் ஆட்டத்தில் பன்னிரண்டு வளைவு வரை அது பொறுக்கும். பதின்மூன்றாவதில் சுண்டுவிரலும் பக்கத்து விரலும் மரத்துப்போகும். இது தெரிந்தால் எந்தக் கழகமும் அவனை வைத்திருக்காது. அதனால் இரண்டு பேருக்கு மட்டுமே தெரியும். துஷாந்த் மனதுக்குள் எண்ணிக்கொண்டே வருவான், பன்னிரண்டுக்குப் பிறகு அந்தப் பொத்தானைத் தொடவே மாட்டான்.

இப்போது குரலும் ஒவ்வோர் ஆட்டத்திலும் சரியாகப் பன்னிரண்டில் நிறுத்தியது. பயப்படவேண்டிய இடத்தில் கேதீஸ்வரனுக்கு நிம்மதி வந்தது.

ஜனவரிக் கடைசியில் சிட்னிக்குப் போனார்கள். சனிக்கிழமை பின்னேர ஆட்டம். கேட்சருக்கு நேர் பின்னால், வலைக்கு அப்பால், தாய்வான் அணி ஒன்றுக்கு ஆட்டக்காரர்களைத் தேடும் ஆள் வேகமானியோடு உட்கார்ந்திருந்தார். இரண்டு வருட ஒப்பந்தம். அவருக்குப் பிடித்துவிட்டால் பெப்ரவரியில் விமானம். இல்லையென்றால் இப்போது பகுதிநேரம் போகும் மருந்துக் கிடங்கில் முழுநேர வேலை. முப்பத்தொரு வயதில் மூன்றாவது கதவு இல்லை. துஷாந்தும் அவனும் சோடியாகப் போவதென்று வருடக்கணக்காகப் பேசிவைத்திருந்த இடம் அது.

நான்காம் இன்னிங்ஸ் முடியும்போது பன்னிரண்டு வளைவுகள் ஆகியிருந்தன. ஐந்தாம் இன்னிங்ஸின் முதல் பந்துக்குக் குரல் சொன்னது: "வளைவு, வெளிய."

தான் எண்ணியதில் பிழை என்று நினைத்து எறிந்தான். விரல் நுனிகளில் எறும்பு ஊர்ந்தது.

"வளைவு, வெளிய."

எறிந்தான். இந்த முறை விரல்கள் இரண்டும் இருப்பதே தெரியவில்லை. அப்போதுதான் இன்னொன்றைக் கவனித்தான். சொல்லுக்குப் பின்னால் அந்த ரீங்காரம் இல்லை. குளிர்ப்பெட்டி இல்லை, குசினி இல்லை. எங்கே இருந்து பேசினாலும் அங்கே வேறு சத்தமே இல்லை.

எப்படியோ இன்னிங்ஸை முடித்துக்கொண்டு வந்து உட்கார்ந்தான். தன்னைத் தவிர உலகத்தில் அந்த எண்ணிக்கை தெரிந்த ஒரே ஆள் துஷாந்த். தெரிந்துகொண்டுதான் கேட்கிறான். கேதீஸ்வரன் துவாயால் கையைச் சுற்றிக்கொண்டு வர்ஷாவைக் கூப்பிட்டான்.

"தமிழை எடுத்துவிடும்."

"இப்பவா? நல்லாத்தானே போகுது."

"எடும், பிளீஸ்."

அவள் அவன் முகத்தைப் பார்த்தாள். பெட்டியிலிருந்து புத்தம் புதிய ஒலிபெருக்கியை உறை கிழித்து எடுத்து ஆங்கிலத்தை மட்டும் ஏற்றினாள். பழையதைத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டாள்.

ஆறாம் இன்னிங்ஸில் தொப்பிக்குள் யாரோ ஒரு வெள்ளைக்காரரின் குரல், பொத்தான் அழுத்திய அதே வகையையும் அதே இடத்தையும் சொன்னது. இரண்டு பேரை வெளியேற்றினான், இன்னும் ஒருவன் போனால் இன்னிங்ஸ் முடியும். பிறகு கை தளர்ந்து, மூன்று தளங்களும் எதிரணி ஆட்களால் நிரம்பின. ஓர் ஓட்டம்தான் முன்னிலை. மட்டைக்காரனுக்கு மூன்று தப்புப் பந்து, இரண்டு ஸ்ட்ரைக். மூன்றாவது ஸ்ட்ரைக்கில் அவன் வெளியே. நான்காவது தப்புப் பந்து போனால் எல்லாரும் ஒரு தளம் முன்னேறுவார்கள், ஆட்டம் சமன்.

பிட்சருக்கு இப்போதெல்லாம் கடிகாரம் உண்டு. இருபது விநாடிக்குள் எறியாவிட்டால் அதுவே ஒரு தப்புப் பந்து. கடிகாரம் ஓடத் தொடங்கியது. வேகப்பந்து, உள்ளே, என்றது வெள்ளைக்காரக் குரல்.

அதன் அடியிலிருந்து, மிக அருகில்: "வளைவு."

கேட்சரின் தேர்வு பிடிக்கவில்லையென்றால் பிட்சர் தலையை ஆட்டி மறுக்கலாம், கேட்சர் வேறொன்று கேட்பான். எல்லாப் பிட்சரும் செய்வதுதான். ஆனால் ஏழு வருடத்தில் துஷாந்துக்கு அவன் ஒரு தடவைகூடத் தலையாட்டியதில்லை. அது அவர்களுக்குள் ஒரு பெருமையாகவே இருந்தது.

கேதீஸ்வரன் தலையை ஆட்டினான்.

மிச்சல் அதைத் தனக்கென்று நினைத்து மெதுப்பந்துக்கு மாற்றினான். "வளைவு" என்றது அது. மறுபடி ஆட்டினான். மிச்சல் திகைத்துப்போய் மீண்டும் வேகப்பந்தைக் கேட்டான். "வளைவு." பதினொன்று, பத்து, ஒன்பது. மூன்றாம் தளத்தைக் காத்துநின்ற சொந்த அணிக்காரன் என்ன என்று கத்தினான். கேதீஸ்வரன் மூன்றாவது முறையும் தலையை ஆட்டினான்.

எட்டு. ஏழு. பிறகு, எந்தக் குசினியிலும் ஒருநாளும் பதியாத சொற்கள், கோபமே இல்லாமல் வந்தன.

"நீ மட்டும் போறியே, மச்சான்?"

நான்கு. மூன்று.

"ஓம்," என்று கேதீஸ்வரன் வாய்விட்டுச் சொன்னான். நேர்ப்பந்தை, நடுவிலே, மிச்சமிருந்த முழு உயிரோடும் எறிந்தான்.

மட்டையில் பட்ட சத்தத்திலேயே அது தூரம் போகும் என்று தெரிந்தது. பின்புற வேலியில் முதுகை ஒட்டி நின்ற சொந்த அணிக்காரன் கையை உயர்த்தி அதைப் பிடித்தான்.

திரும்பி நடக்கும்போது மிச்சல் ஓடிவந்து, யாருக்கு அப்படித் தலையாட்டினாய், நீ எறிந்த பந்தைத்தானே நான் முதலிலேயே கேட்டேன் என்றான். கேதீஸ்வரன் அவன் தோளைத் தட்டினான். வலைக்கு அப்பால் தாய்வான்காரர் எழுதிக்கொண்டிருந்தார்.

ஞாயிறு காலை ஆளில்லாத மைதானத்தில் தாய்வான்காரரே கவசம் கட்டிக் குந்தினார், கடைசியாக ஒருமுறை கையைப் பார்த்துவிட. பத்துப் பந்து போதும், எல்லாமே வேகப்பந்து, கையெழுத்திடவேண்டிய ஒப்பந்தத் தாள்கள் காரில் இருக்கின்றன என்றார். கருவியும் தாய்வான் அணியுடையது, தொப்பியும் அவர்களுடையது. நெற்றியில் இன்னும் புதுத் துணியின் மொரமொரப்பு.

அவர் பொத்தானை அழுத்தினார். வேகப்பந்து என்று ஒரு பெண் குரல் ஆங்கிலத்தில் சொன்னது.

கேதீஸ்வரன் தலையை ஆட்டினான். கொஞ்சம் பொறுத்து மறுபடி ஆட்டினான். தாய்வான்காரர் முகமூடியைத் தூக்கிவிட்டு, வேகப்பந்துதானே, அதில் மறுக்க என்ன இருக்கிறது என்று சிரித்தபடி கேட்டார்.

அது ஒரு பழக்கம், பொருட்படுத்தவேண்டாம் என்றான் கேதீஸ்வரன். தான் தலையாட்டி முடிக்கும்வரை ஒவ்வொரு பந்துக்கும் கொஞ்சம் காத்திருக்கும்படி கேட்டுக்கொண்டான். பிறகு இன்னும் இரண்டு தடவை ஆட்டிவிட்டு, நேராக எறிந்தான்.