மனுதாரர் பெயர்

வெந்நீரில் நனைத்துப் பிழிந்த துணியால் கணவர் செங்கோடனின் பாதங்களைத் துடைத்துக்கொண்டிருந்தாள் அம்மணி. குதிகால் வெடிப்புகளில் காப்பித் தோட்டத்து மண் ஏறியிருந்தது. விடியும் நேரத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர், மகன் மாதேஸ்வரன் ஜீப் கொண்டுவருவதற்குள் அவள் மடியிலேயே சாய்ந்துவிட்டார்.

தலையாரி பெரியண்ணன் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். கையில் ஒரு பழுப்பு உறை. சங்கடத்தோடு நின்றார்.

"என்னங்க அது?" என்றான் மாதேஸ்வரன்.

"கோர்ட்டு சொன்ன பன்னெண்டு வாரம் வெள்ளிக்கெழமையோட முடியுதுங்க தம்பி. அன்னிக்கு ஆபீஸ்ல விசாரணை. மனு போட்டவங்க நேர்ல வரோணும்."

வீட்டுக்குப் பட்டா கேட்டுப் பதினோரு வருஷமாக மனு. மாரமங்கலத்திலிருந்து பஸ் ஏறித் தாலுகா ஆபீசுக்குப் போவார் செங்கோடன். 'பரிசீலனையில் இருக்கிறது' என்ற பதிலோடு திரும்புவார். கடைசியில் வக்கீல் வைத்து உயர் நீதிமன்றத்துக்குப் போனார். பட்டா கொடு என்று நீதிமன்றம் சொல்லவில்லை. பன்னிரண்டு வாரத்துக்குள் உண்டு இல்லை என்று முடிவாவது சொல் என்றது. அதற்கே ஊரெல்லாம் மிட்டாய் கொடுத்தார்.

"போட்டவரே போயிட்டாரு. இனி என்ன விசாரணை?" என்றான் மகன்.

"பேரைப் படிச்சுப் பாருங்க தம்பி."

அவன் உறையைப் பிரித்தான். "மனுதாரர், அம்மணி. கணவர் பெயர், செங்கோடன்."

துணியைப் பிடித்திருந்த அம்மணியின் கை அப்படியே நின்றது. கணவர் காட்டிய இடங்களிலெல்லாம் கையெழுத்துப் போட்டிருக்கிறாள். எதற்கென்று கேட்டதில்லை. ஆபீசே கதியென்று கிடக்கிறீர்களே என்று திட்டியிருக்கிறாள். அவர் சிரித்துக்கொள்வார்.

"மொத மனுவுல இருந்தே உங்க பேருதானுங்க அக்கா," என்றார் பெரியண்ணன். "ஏனுங்கன்னு கேட்டேன். கல்லு மண்ணு சொமந்து கட்டுனவ அவ, அவ பேருலயே இருக்கட்டும்னாரு."

அம்மணி துணியை மறுபடி வெந்நீரில் முக்கி, இன்னொரு பாதத்தைத் துடைத்தாள்.

"மூணாம் நாளே எப்படிம்மா போவ? வேற தேதி கேக்கலாம்," என்றான் மாதேஸ்வரன்.

"பதினோரு வருசம் அவரு கேட்டாரு சாமி. நான் போயிட்டு வந்தர்றேன்."

வெள்ளிக்கிழமை ஆபீசில் அதிகாரி காகிதங்களைப் புரட்டினார். வீடு கட்டி எத்தனை வருஷம், பக்கத்தில் யார் குடியிருக்கிறார்கள் என்று கேட்டார். பிறகு, அவள் பெயருக்குப் பட்டா கொடுக்க உத்தரவு போடுவதாகச் சொல்லிவிட்டு எழுந்து போனார்.

கையெழுத்து வாங்க வந்த வயதான கிளார்க் அவளுக்குப் பின்னால் எட்டிப் பார்த்தார். "எப்பவும் வருவாரே, அவரு எங்கீங்க? இன்னிக்கு அவரில்ல வந்திருக்கோணும்?"

அம்மணி காகிதத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"நொம்ப அலைஞ்சுட்டாருங்க," என்றாள். "இன்னிக்கு ஊட்லயே இருக்கச் சொல்லிட்டேன்."

"அதுவுஞ் சரிதானுங்க," என்று அவர் சிரித்தார்.

அவள் முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு பேனாவை வாங்கினாள்.