நாற்பத்திரண்டாம் நம்பர் ஸ்டேக்

சைமனுக்கு வாய் கொஞ்சம் நீளம். திருப்பதி ரேணிகுண்டா ரோட்டில் சாய்குமார் நடத்தும் ஓட்டலில் அவன்தான் தலைமைச் சமையல்காரன். கிச்சனில் எல்லோரும் மாஸ்டர் என்பார்கள். சென்னையில் பெரிய ஓட்டல்களில் பன்னிரண்டு வருஷம் இருந்து, சமையலைவிட அதிகமாக அவன் கற்றுக்கொண்டது கதைகளைத்தான். எந்தப் பண்டத்துக்கு அந்தப் பெயர் எப்படி வந்தது என்று யாராவது கேட்டுவிட்டால் போதும், கரண்டியைக் கீழே வைத்துவிடுவான்.

கேட்பதற்கென்று ஒரு ஆளும் இருந்தாள். கிருபாபாய். சித்தூரில் அவனுக்கு அடுத்த தெரு, ஒரே சர்ச். புருஷன் இறந்து அவள் தவித்துக்கொண்டிருந்தபோது சைமன்தான் அழைத்துவந்து உருளைக்கிழங்கு சீவி வறுக்கும் வேலையில் சேர்த்துவிட்டான். அவனுக்குத் தங்க திருப்பதியில் ஓர் அறை உண்டு. அவளோ தினமும் சித்தூரிலிருந்து முதல் பஸ்ஸில் வருவாள். எட்டாவது படிக்கும் மகள் ஹன்னா எழுந்திருக்கும்போது அம்மா வீட்டில் இருக்கமாட்டாள்.

"சாலிஸ்பரி ஸ்டேக்குன்னு ஒண்ணு கீது," என்று ஒருநாள் ஆரம்பித்தான். "சாலிஸ்பரின்றது ஒரு டாக்டர் பேரு. கொத்துன கறிய தட்டி சுட்டுத் துன்னா ஒடம்புக்கு நல்லதுன்னு சொன்னாரு. அவுரு பேரே நின்னுபோச்சு."

"டாக்டரா சமைச்சாரு?"

"அவுரு எங்க சமைச்சாரு? துன்னச் சொன்னாரு, அவ்ளோதான்."

"அப்போ அடுப்பாண்ட நின்னது யாருண்ணா?"

"அது யாருக்குத் தெரியும்? இந்த ஃப்ரெஞ்ச் ஃப்ரைஸையே எடுத்துக்கோ. எங்களுதுன்னு பெல்ஜியம்காரனும் பிரான்ஸ்காரனும் இன்னிவரைக்கும் சண்ட போட்டுக்கினு கீறாங்க. மொதல்ல வறுத்தவன் பேரு ரெண்டு பேருக்கும் தெரியாது."

கிருபாபாய் சீவிக்கொண்டே சிரித்தாள். "நல்லா கீது போ. வெந்தவன் ஒருத்தன், பேரு ஒருத்தனுக்கு."

கதையைக் கேட்டவள் சும்மா இருக்கவில்லை. ஒரு வாரம் கழித்து மட்டன் கைமாவில் பொட்டுக்கடலை மாவும் மிளகும் சேர்த்துத் தட்டையாகத் தட்டிச் சுட்டு, பக்கத்தில் உருளைக்கிழங்கு வறுவலை வைத்து நீட்டினாள். சைமன் ஒரு வறுவலை எடுத்துக் கடித்தான். மேலே மொறுமொறுவென்று, உள்ளே வெண்ணெயாக இருந்தது. நீர்க்கக் கரைத்த புளித்தண்ணீரில் அரைவேக்காடு வேகவிட்டு, துணியில் உலர்த்தி, கடலை எண்ணெயில் இரண்டு தடவை வறுத்தாளாம். புளி பட்டால் கிழங்கு குழையாது என்றாள். புளிக்குழம்பில் போட்ட கிழங்கு வேக நேரமாகிறதே, அதிலிருந்து யோசித்தாளாம். பன்னிரண்டு வருஷம் பெரிய ஓட்டல்களில் குப்பை கொட்டியவனுக்கு இது தோன்றவே இல்லை.

மறுநாள் கங்காதர நெல்லூரில் ஒரு சாவு என்று அவள் லீவு. அன்றைக்குப் பார்த்து சாய்குமார் கிச்சனுக்குள் வந்தார். சைமன் அதையே செய்து வைத்திருந்தான். முதலாளி நின்றபடியே ஒரு தட்டைக் காலி செய்தார்.

"பாக உந்தி, ரொம்ப நல்லா இருக்கு! இதி எவரு சேசிந்தி? நீதானா செஞ்சது சைமன்?"

அந்தத் தட்டைச் செய்தது சைமன்தான். அதனால் தலையாட்டினான். அவர் கேட்டது அதையல்ல என்று அவனுக்கு நன்றாகவே தெரியும். கிருபாபாய் என்ற பெயரைச் சொல்ல எவ்வளவு நேரம் ஆகிவிடும்? அந்தப் பெயர் நாக்கு வரைக்கும் வந்தது. அவன் விழுங்கிவிட்டான்.

ஒரு பொய் வந்து உட்கார்ந்தால் அடுத்ததற்கு இடம் கேட்கும். ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டை கம்பெனிகளிலிருந்து வரும் ஆட்கள் மெனு கார்டில் ஒவ்வொரு பண்டத்துக்கும் கதை இருந்தால் ரசித்துப் படிக்கிறார்கள், இதற்கும் ஒன்று வேண்டும் என்றார் சாய்குமார். சைமன் கதை கொடுத்தான்: சித்தூர் மிஷன் பங்களாவில் துரைமார்களுக்குச் சமைத்த தாத்தா, அவர் கைப்பக்குவம், அது பேரனுக்கு வந்த விதம். உண்மையில் அவன் தாத்தா அந்த பங்களாவில் தோட்டக்காரர். சமையலறைக்குள் எட்டிப் பார்த்திருந்தால்கூட வேலை போயிருக்கும். இங்கிலீஷில் அச்சாகி வந்தது கார்டு. நாற்பத்திரண்டாம் நம்பர், சைமன் ஸ்டேக்.

கிருபாபாய்க்கு இங்கிலீஷ் தெரியாது. கிச்சனுக்கு ஆர்டர் நம்பராகத்தான் வரும். "நாப்பத்திரெண்டு மூணு!" என்று குரல் கேட்டால் அவள் முகம் மலரும். "நம்ம ஸ்டேக்கு நல்லா போவுதுண்ணா," என்பாள். அந்த 'நம்ம' காதில் விழும்போதெல்லாம் சைமன் அடுத்த ஆர்டரைப் பார்ப்பதுபோல முகத்தைத் திருப்பிக்கொள்வான்.

இதற்கிடையில் சாய்குமார் சித்தூரிலேயே ஒரு கிளை திறக்க முடிவு செய்தார். "ஸ்டேக் கண்டுபிடிச்சவன்தான் அங்க மாஸ்டர். நீயே சூசுகோ, பாத்துக்கோ," என்று சைமனின் தோளில் தட்டினார். வீட்டுப் பக்கத்திலேயே வேலை. சைமனுக்கு ஆசைதான். கிருபாபாய்க்கு அது கிடைத்திருந்தால் முதல் பஸ் பிடிக்க வேண்டாம், மகளுக்குத் தலை பின்னிவிட்டு வேலைக்குப் போயிருக்கலாம். இது அவனுக்குத் தோன்றாமலில்லை. தோன்றியதை ஓரமாக வைத்தான்.

மாதத்தின் முதல் ஞாயிறு இருவருக்கும் காலை லீவு. சித்தூர் சர்ச்சில் அன்று ஸ்தோத்திரக் காணிக்கை. நன்றி சொல்ல விரும்புகிறவர்கள் காரணத்தைச் சீட்டில் எழுதிக் கவரில் போடுவார்கள். பாஸ்டர் ஒவ்வொன்றாக வாசிப்பார். சபை முழுக்க "ஸ்தோத்திரம்" சொல்லும். பிள்ளைப்பேறு, பரீட்சை, காய்ச்சல் நின்றது எல்லாம் அங்கே வரும். அன்றைக்கு பாஸ்டர் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு வாசித்தார்:

"சகோதரி லீனா. தன் கணவர் சைமன் கண்டுபிடித்த ஸ்டேக், அவர் பெயரிலேயே திருப்பதியில் வெளிவரவும், அதனால் சித்தூர் கிளையில் தலைமை வேலை கிடைக்கவும் கிருபை செய்த தேவனுக்கு ஸ்தோத்திரம்."

மனைவி இப்படி எழுதிப்போட்டது சைமனுக்குத் தெரியாது. அவளைக் குறை சொல்லி என்ன செய்வது? அவளிடமும் அதே பொய்யைத்தானே சொல்லியிருந்தான். பெண்கள் பக்கம் மூன்றாவது வரிசையில் முக்காட்டோடு உட்கார்ந்திருந்த கிருபாபாய் திரும்பவே இல்லை. சபை "ஸ்தோத்திரம்" என்றது. அவள் உதடும் அசைந்ததை அவன் பார்த்தான். அதைப் பார்க்காமல் இருந்திருக்கலாம் என்று பிறகு எத்தனையோ தடவை நினைத்தான்.

வெளியே செருப்பு மாட்டும் இடத்தில் அவள் ஒரே ஒரு வார்த்தை கேட்டாள். "சாலிஸ்பரி டாக்டராயிட்டியாண்ணா?"

மறுநாளிலிருந்து அவள் பேச்சில் அண்ணன் போய்விட்டான், மாஸ்டர் வந்தான். "உப்பு பாருங்க மாஸ்டர்." "எண்ண மாத்தணும் மாஸ்டர்." சண்டை போட்டிருந்தால் அவனும் நாலு வார்த்தை பேசித் தப்பித்திருப்பான். அவள் மரியாதை கொடுத்தாள். மூன்று வாரம் கழித்து, "வேற எடம் பாத்துக்கினேன் மாஸ்டர், புதங்கெழமையோட நின்னுக்கறேன்," என்றாள். எங்கே என்று அவன் கேட்கவில்லை. வெட்கத்தை விட்டுச் சொன்னால், அவனுக்கு அப்பாடா என்றிருந்தது.

வியாழக்கிழமை நாற்பத்திரண்டு வந்தபோது சைமனே வறுவல் அடுப்புக்குப் போனான். எதிரே சுவரில் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. புளி எவ்வளவு, தண்ணீர் எவ்வளவு, எத்தனை நிமிஷம், முதல் வறுவலுக்கும் இரண்டாவதுக்கும் நடுவில் எவ்வளவு ஆறவேண்டும் என்று தெலுங்கில் குண்டு குண்டாக எழுதியிருந்தாள். பின்னால் வருகிறவர் திண்டாடக்கூடாதாம். அடியில் பெயர் போடவில்லை. அதன்படியே செய்தான். வறுவல் ஒரு குறையும் இல்லாமல் வந்தது. அவனால் அதை வாயில் வைக்க முடியவில்லை.

சனிக்கிழமை வீட்டுக்கு வந்ததும் லீனாவிடம் எல்லாவற்றையும் சொன்னான். அவள், "சபைக்கு என் கையால பொய் எழுத வெச்சிட்டீங்களே," என்று அழுதாள். அவன் ஒரு சீட்டை எடுத்து எழுதினான்.

மறுநாள், அடுத்த மாதத்தின் முதல் ஞாயிறு, பெண்கள் பக்கம் மூன்றாவது வரிசையில் ஹன்னா மட்டும் உட்கார்ந்திருந்தாள். பாஸ்டர் கவர்களைப் பிரித்தார். "சகோதரி கிருபாபாய். ஸ்ரீ சிட்டி கேன்டீனில் வேலையும், மகள் ஹன்னாவுக்குப் பள்ளி ஹாஸ்டலில் இடமும் கிடைத்ததற்காக ஸ்தோத்திரம்." சைமன் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டான். ஸ்ரீ சிட்டி தினமும் போய்வரும் தூரமல்ல. தினமும் சாயங்காலமாவது சேர்ந்திருந்த தாயும் பிள்ளையும் இனி மாதத்துக்கு ஒரு முறை பார்த்துக்கொள்வார்கள். அதற்கும் அவள் நன்றி சொல்லியிருக்கிறாள்.

அடுத்த கவர் அவனுடையது. "சகோதரர் சைமன். என் பெயரில் விற்கும் ஸ்டேக்கையும் வறுவலையும் உண்மையில் உண்டாக்கிய சகோதரி கிருபாபாய்க்காக ஸ்தோத்திரம். நான் சொன்னது பொய்." பாஸ்டரின் குரல் ஒரு கணம் தடுக்கியது. சபை கொஞ்சம் தாமதித்து "ஸ்தோத்திரம்" என்றது. தலைகள் திரும்பின. முகம் பற்றி எரிந்தாலும், நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கிவிட்டதாகத்தான் சைமன் நினைத்தான்.

வாசலில் ஹன்னா அவனுக்காக நின்றாள். கையில் போன். "மாமா, இத அம்மாவாண்ட நான் சொல்லட்டா, நீங்க சொல்றீங்களா?"

அவன் வாங்கிக்கொண்டான். மணி அடித்தது. பாத்திரச் சத்தத்துக்கு நடுவே கிருபாபாயின் குரல். சைமன் ஒரே மூச்சில் சொல்லி முடித்தான்.

"சபையாண்ட சொன்னீங்க, சரி மாஸ்டர்," என்றாள். "சாய்குமார் சாராண்ட சொல்லிட்டீங்களா?"

சாய்குமார் அந்த சர்ச் வாசலைக்கூட மிதித்ததில்லை. சபைக்குத் தெரிந்தால் தலை குனிவதோடு சரி. அவருக்குத் தெரிந்தால் சித்தூர் வேலை போய்விடும். அவன் எங்கே சொன்னான், எங்கே சொல்லாமல் விட்டான் என்பதை அவள் ஒரே கேள்வியில் பிடித்துவிட்டாள்.

"எண்ண காஞ்சிடுச்சி மாஸ்டர், வெச்சிடறேன்."

போனை ஹன்னாவிடம் கொடுத்தான். அவளுடைய பின்னல் ஒன்று மேலே, ஒன்று கீழே இருந்தது, தானே பின்னிக்கொண்டிருக்கிறாள். சாப்பிட வீட்டுக்குப் போகலாமா என்று லீனா கேட்டாள். சாய்குமார் மத்தியானம் கல்லாவில் இருப்பார், நேரில் பார்த்துச் சொல்லவேண்டும் என்றான். வேதாகமத்தை மனைவியிடம் கொடுத்துவிட்டு, திருப்பதி பஸ் பிடிக்கக் கிளம்பினான்.