இருளாயி வைத்த பொட்டு

அண்ணி மங்களம் பிளேடால் பிணத்தின் நகங்களைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். சிவப்புச் சாயம் தூளாகப் பாயில் உதிர்ந்தது.

"இந்தக் கை முடிஞ்சிருச்சு. அந்தக் கையப் புடி, நல்லம்மா."

நல்லம்மாள் அக்காவின் கையைப் பிடித்தாள். ஈப்போ ஆஸ்பத்திரியிலிருந்து காலையில் வந்த உடம்பு இன்னும் சில்லென்று இருந்தது. சிறுநீரகம் கெட்டு முப்பத்தாறு வயதில் போய்விட்டாள் இருளாயி.

சுங்காய்ப் பக்கத்து இந்தத் தோட்டத்தில்தான் அவள் ரப்பர் மரம் சீவினாள். லாரி மோதிப் புருஷன் செத்தபோது அவளுக்கு இருபத்தைந்து. வெள்ளையைச் சுற்றி மூலையில் உட்காரவைத்தார்கள். இரண்டு வருஷம் பொறுத்தவள், ஈப்போவுக்குப் போய்த் தையல்கடையில் சேர்ந்தாள். எண்பதாம் வருஷம் ஒரு வார இதழின் மகளிர் பக்கத்தில் அவள் படம் வந்தது. கிளிப்பச்சைச் சேலை, தலை நிறையப் பூ, நெற்றியில் பெரிய பொட்டு. கீழே அவள் எழுதியிருந்தாள்: 'செத்தது என் கணவர். நான் இன்னும் இருக்கிறேன்.'

கோயில் தலைவரான அண்ணன் சன்னாசி அந்த இதழைச் சாமி முன்னால் வைத்துக் கொளுத்தினார். ஆனால் பாகான் டத்தோவிலிருந்தும் காம்பாரிலிருந்தும் கைம்பெண்கள் அவளுக்குக் கடிதம் எழுதினார்கள். அவர்களை வரவழைத்து, தானே ரவிக்கை தைத்துக் கொடுத்து, ஸ்டூடியோவில் படமெடுத்து அந்த இதழுக்கு அனுப்பினாள். மாதம் ஒருத்தி அந்தப் பக்கத்தில் சிரித்தாள்.

"அண்ணே," நல்லம்மாள் மெல்லச் சொன்னாள், "அக்காவோட பச்சைச் சேலைய எடுத்தாந்திருக்கேன்."

"வெள்ளதான். ஆடுனது போதும்லா. என் வாசல்லேருந்து ஒழுங்கா போகட்டும்."

அவள் பையை மூடினாள்.

மேளம் தொடங்கும் நேரத்தில் காம்பார் பஸ்ஸிலிருந்து மூன்று பெண்கள் இறங்கி வந்தார்கள். முன்னால் வந்தவள் கருப்பம்மாள். இருளாயிக்குப் பிறகு அந்தப் பக்கத்தில் படம் வந்த முதல் கைம்பெண். சிவப்புச் சேலை, கொண்டையில் மல்லிகை. வெள்ளைத் துணியையும் வெறும் நெற்றியையும் பார்த்து நின்றுவிட்டாள்.

"யாரு இது? எங்க அக்காவ எங்க வச்சிருக்கீங்க?"

கொண்டைப் பூவை எடுத்துக் குனிந்தவளின் கையை மங்களம் தட்டிவிட்டாள். "முண்டச்சி பூவு முண்டச்சிக்கா? எடு கைய!"

கருப்பம்மாள் நிமிர்ந்து நல்லம்மாளைப் பார்த்தாள்.

"நீங்க தங்கச்சிதானே? படம் எடுக்கப் போன அன்னிக்கு அவங்களுக்குக் கை நடுங்குச்சாம். நீங்கதான் பொட்டு வச்சு விட்டீங்களாம். நீங்க சொல்லுங்க, இவங்ககிட்ட."

ஸ்டூடியோ மாடிப்படியில் வைத்துத்தான். 'இன்னும் கொஞ்சம் பெருசா வையி' என்று அக்கா கண்ணை மூடிக்கொண்டு சொன்னாள்.

சன்னாசி திரும்பினார். வாசலில் நின்ற நல்லம்மாளின் புருஷன் உடையப்பனும் திரும்பினான். மேளக்காரன்கூடக் குச்சியை நிறுத்தினான்.

"நான் இல்ல," என்றாள் நல்லம்மாள். "எனக்கு ஒன்னும் தெரியாது."

கருப்பம்மாள் பூவைக் கைக்குள் மூடிக்கொண்டு வெளியே போனாள். மற்ற இருவரும் பின்னால் போனார்கள்.

பாடை கிளம்பியதும் பெண்கள் வீட்டைக் கழுவிவிட்டார்கள். மங்களம் காப்பி போட்டு, முதல் கிளாஸை நல்லம்மாளிடம் நீட்டினாள்.

"குடி. நீயாவது நம்ம வீட்டுப் பொண்ணா இருக்கியே."

சீனி அதிகமாகப் போட்டிருந்தாள். வாசலுக்கு நேரே, செம்மண் சாலையில், மூன்று பெண்களும் வெயிலில் பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தார்கள். நல்லம்மாள் சுவர்ப் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்து காப்பியை முழுக்கக் குடித்தாள்.