முதுகுப் பக்கம் ஒரு கேமரா

மூன்றாம் மாடியிலிருந்து தம்பியின் உடலை இறக்கும்போது மூட்டைக்காரர் கீழ்ப்பக்கம் நின்றார். படியில் பாரம் முழுக்கக் கீழே நிற்பவன் தலையில்தான் விடியும். நாற்பது வருடம் சந்தையில் மூட்டை சுமந்தவருக்கு அதை யாரும் சொல்லித்தர வேண்டாம். தம்பியின் காலைப் பார்த்தபடி பின்பக்கமாக ஒவ்வொரு படியாக இறங்கினார். தலைமாட்டில் பக்கத்து வீட்டுத் தையல்காரர்.

தம்பி ஆவணப்படம் எடுப்பவன். உப்பு அள்ளுகிறவர்கள், படகு கட்டுகிறவர்கள், குழி வெட்டுகிறவர்கள் என்று ஊர் ஊராகப் போய் எடுத்தான். கடிகாரம் ரிப்பேர் செய்யும் ஒருவரை இரண்டு மணி நேரம் எடுத்தான். அண்ணனை மட்டும் எடுக்கவில்லை.

"நீ கேமராவக் கண்டா மாப்பிள்ள மாதிரி நின்னுடுவே, அண்ணே" என்றான். அந்தக் கோபத்தில் எட்டு மாதம் இருவருக்கும் பேச்சுவார்த்தை இல்லை.

போன வாரம் ஆஸ்பத்திரியில் தன் கேமராக்காரரிடம் சொல்லிவிட்டான். "நான் போறத எடுத்துடு. அண்ணன்தான் தூக்கணும்."

இதை விட்டால் இனி படம் ஏது? மூட்டைக்காரர் காலையிலேயே முகச்சவரம் செய்து, தேய்த்த சட்டை போட்டிருந்தார்.

முதல் மாடித் திருப்பத்தில், கீழே முதுகுப் பக்கம் நின்று எடுத்த கேமராக்காரர் கேமராவை இறக்கினார். "அண்ணே, ஆறு தடவ திரும்பிப் பாத்துட்டீங்க. இது ஆகாது."

"முதுகப் படம் புடிச்சு என்னய்யா பண்ணப் போற?"

"அவரு கேட்டது அதான்."

மேலே கைப்பிடிச் சுவரோரம் தம்பி மனைவி எட்டிப் பார்த்தாள்.

"இன்னொரு தடவ இறக்குங்க மாமா. அவரா இருந்தா நாலு தடவ இறக்கச் சொல்லியிருப்பாரு."

"மறுபடி மேலயா? என் இடுப்பு என்னத்துக்கு ஆகும்?" என்றார் தையல்காரர்.

"தைலம் நான் தேச்சு விடுறேன். ஏறு" என்றார் மூட்டைக்காரர்.

ஏறினார்கள். மறுபடி இறங்கினார்கள். முதல் மாடி தாண்டிப் பாதி இறங்கியதும் போர்வை நழுவி, தம்பியின் பாதம் வெளியே வந்தது. கட்டைவிரல் நகம் வெட்டாமல் வளர்ந்து கிடந்தது. மூட்டைக்காரர் பாரத்தை முழங்காலில் தாங்கி, ஒரு கையால் பாதத்தை மூடினார். மூடிய கையை எடுக்கச் சற்று நேரமானது.

"கிடைச்சிடுச்சுண்ணே, போதும்" என்றார் கேமராக்காரர்.

மூட்டைக்காரர் திரும்பவில்லை. காலால் அடுத்த படியைத் துழாவினார்.

"செவுரு இடிக்கும், கால மடக்கிக்க. இன்னும் ஏழு படிதான்டா."