தம்பியின் துப்பாக்கி கைமாறிய விதம்

ஆற்றுக்கு வடக்கே நியூயார்க் மாநிலம், தெற்கே பென்சில்வேனியா. நடுவில், எதிரே லாரி வந்தால் கார்க்காரன் மூச்சைப் பிடித்துக்கொள்ளும்படியான ஒரு பாலம். தண்ணீர் ஒன்றுதான், மீன் ஒன்றுதான், இரண்டு கரையிலும் கூரைகள் ஒரே மாதிரிதான் ஒழுகும். துப்பாக்கி விஷயத்தில் மட்டும் இரண்டு கரையும் இரண்டு உலகம். வடகரையில் ஒரு கைத்துப்பாக்கியை வீட்டு அலமாரியில் வைத்திருக்கவே உரிமம் வேண்டும். அதற்கு விரல்ரேகை, நல்லவர் என்று சொல்ல நாலு பேர், பிறகு காத்திருப்பு, பிறகும் காத்திருப்பு. தென்கரையில் கில் ஹார்ன்பெக்கின் கடையில் அது தூண்டில் முள்ளுக்கும் ஊறுகாய் முட்டைக்கும் நடுவே கண்ணாடிப் பெட்டிக்குள் படுத்திருக்கும். அடையாள அட்டையை நீட்டிவிட்டு ஒரு காபி குடித்தால் போதும். அதற்குள் அரசாங்கத்துக் கணினி பழைய வழக்குகளைத் தேடிப் பார்த்து உங்களை யோக்கியர் என்று சொல்லிவிடும். பாலத்தைக் கடந்தால் மனுஷனுடைய குணமே மாறிவிடுகிறது என்று இரண்டு சட்டசபைகளும் கண்டுபிடித்திருக்கின்றன போலிருக்கிறது.

நெல்டா வடகரைக்காரி. பள்ளிப் பேருந்து ஓட்டி ஓய்வு பெற்றவள். அவளுடைய ஒரே தம்பி ஓரின் தென்கரையில், கல் குவாரியில் உழைத்து முதுகைத் தேய்த்துக்கொண்டவன். படிப்பு பெரிதாக இல்லை என்றாலும் துப்பாக்கிச் சட்டத்தை மட்டும் கரைத்துக் குடித்திருந்தான். காலையில் உணவகத்தில் பொரித்த முட்டை வருவதற்குள் யாராவது ஒருவருக்குப் பாடம் நடந்துவிடும். கைத்துப்பாக்கியைப் புருஷன் பெண்டாட்டிக்குள் கொடுத்துக்கொள்ளலாம், பெற்றவரும் பிள்ளையும் கொடுத்துக்கொள்ளலாம், தாத்தாவும் பேரனும்கூட. ஆனால் கூடப்பிறந்தவனுக்குக் கொடுப்பதென்றால் துப்பாக்கிக் கடைக்கோ, மாவட்டக் காவல் தலைவரான ஷெரிப்பின் அலுவலகத்துக்கோ போய்த்தான் ஆக வேண்டும். இதைச் சொல்லிவிட்டு, கூடப்பிறந்தவர்களை நம்பாத அந்தச் சட்டத்தைத் தானே எழுதியது போல முட்டையை ரசித்துச் சாப்பிடுவான்.

இலையுதிர் காலத்தில் அவன் மனைவி ஜூனி போய்ச் சேர்ந்தாள். பனி உருகத் தொடங்கியபோது ஓரின் உணவகத்துக்கு வருவதை நிறுத்தினான். பிறகு தன் வேட்டை நாயைப் பக்கத்து வீட்டு ஃபிளாய்டிடம் கொடுத்துவிட்டான் என்று நெல்டாவுக்குத் தகவல் வந்தது. நாயைக் கொடுத்துவிட்டானா? ஜூனியோடு சண்டை போட்ட நாட்களில் அந்த நாயோடு லாரியில் படுத்துத் தூங்கியவன் அவன். நெல்டா அடுப்பை அணைத்துவிட்டுக் காரை எடுத்தாள்.

அவன் சமையலறையில் உட்கார்ந்திருந்தான். சவரம் செய்து நாளாகியிருந்தது. நெல்டா சுற்றி வளைக்கவில்லை. வண்டி நிறையப் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு பனியில் ஓட்டியவளுக்குச் சுற்றி வளைக்கத் தெரியாது. நேராகவே கேட்டாள்.

"டேய், செத்துப்போகணும்னு நெனைக்கிறியா?"

அவன் வெகுநேரம் மேசைத் துணியைத் தடவிக்கொண்டிருந்தான். பிறகு ஆமாம் என்று தலையை ஆட்டினான். எல்லா நாளும் இல்லை என்றும், சில நாட்களில் ஜூனி வாங்கிக் கொடுத்த கைத்துப்பாக்கி இருக்கும் இழுப்பறைப் பக்கம் போகவே பயமாக இருக்கிறது என்றும் சொன்னான். நெல்டா கையை நீட்டினாள்.

"அதை எங்கிட்டக் குடு. இப்பவே."

இந்த இடத்தில் வேறெந்த ஊர்த் தம்பியாக இருந்தாலும் கொடுத்திருப்பான், அல்லது மாட்டேன் என்றிருப்பான். ஓரின் சட்டம் பேசினான். அவள் நியூயார்க் வாசி, மாநிலம் விட்டு மாநிலம் நேராகக் கைமாற்றக் கூடாது, அவளிடம் அந்தப் பக்கத்து உரிமமும் கிடையாது, பாலத்தில் ஒரு போலீஸ்காரன் காரை நிறுத்தினால் அவள் கதி அதோகதி. ஓரினுடைய மூன்று வேட்டைத் துப்பாக்கிகளை நாயோடு சேர்த்து ஃபிளாய்ட் ஏற்கெனவே தன் வண்டியில் அள்ளிப் போட்டுக்கொண்டு போய்விட்டான், அதற்குச் சட்டம் கண்ணைக்கூடத் திறக்கவில்லை. நீளமான துப்பாக்கியால் யாருக்கும் ஒன்றும் ஆகாது என்று நினைத்திருப்பார்கள். குட்டியாக இருக்கும் இதற்குத்தான் இத்தனை மரியாதை.

ரொட்டிக் கூடைக்கு அடியில் ஒளித்துவைத்து எடுத்துப்போகிறேன், எவன் பார்க்கிறான் என்றாள் நெல்டா. ஓரின் எழுந்து போய் வாசற்கதவை மறித்து நின்றான். நாளைக்கு இருப்பானோ மாட்டானோ என்று இருப்பவன், அக்கா பெயரில் வழக்கு விழுந்துவிடக் கூடாது என்று கதவை மறிக்கிறான்! இந்தக் கூத்தை எங்கே போய்ச் சொல்ல?

"நீ ஜெயிலுக்குப் போயிட்டா உன்னைப் பாக்க யாருக்கா வருவா?" என்றான்.

"நீ போயிட்டா என்னைப் பாக்க யாருடா வருவா?" என்றாள் அவள்.

அன்றைக்கே நெல்டா படியேறி இறங்கத் தொடங்கினாள். முதலில் ஃபிளாய்ட். நல்ல மனுஷன், நாயைத் தன் பிள்ளை மாதிரி பார்த்துக்கொண்டான். ஆனால் கைத்துப்பாக்கி என்றதும் பின்வாங்கினான். ஓரினோடு கடைக்குப் போய் முறைப்படி வாங்கிக்கொண்டால் அவன் பெயர் அரசாங்கத்துக் கணினிக்குள் போய்விடுமாம். தன்னிடம் என்ன இருக்கிறது என்று அரசாங்கத்துக்குத் தெரியக் கூடாது என்பது அவன் கொள்கை. மாதாமாதம் அரசாங்க ஓய்வூதியம் எந்தப் பெயருக்கு வருகிறது என்று கேட்க நெல்டாவுக்கு நாக்கு வரை வந்தது. நாயை நினைத்து விழுங்கிக்கொண்டாள்.

அடுத்து ஹார்ன்பெக். விற்பதானால் இந்த நிமிஷமே வாங்கிக்கொள்கிறேன் என்றான். ஜூனி கொடுத்ததை விற்க மாட்டேன் என்று ஓரின் முன்பே சொல்லிவிட்டான். அப்படியானால் அவன் தேறும் வரை இரும்புப் பெட்டியில் பூட்டி வையுங்கள் என்று நெல்டா கேட்டாள். ஹார்ன்பெக் சங்கடத்தோடு காதைச் சொறிந்தான். காப்பீட்டுக்காரன் ஒத்துக்கொள்ள மாட்டான், திருப்பிக் கொடுத்த பிறகு ஏதாவது ஆகிவிட்டால் தன் தலை உருளும். அந்தக் கடையில் ஒரு துப்பாக்கியை வாங்கலாம், விற்கலாம், பளபளவென்று துடைத்துத் தரச் சொல்லலாம். ஒரு மனுஷன் சாகாமல் இருப்பதற்காகக் கொஞ்ச நாள் வைத்திருக்கச் சொன்னால் மட்டும் காப்பீட்டுக்காரனுக்கு மனசாட்சி முழித்துக்கொள்ளும்.

போலீஸிடம் போகலாமா என்று ஓரினிடமே கேட்டாள். ஓரின் பதறினான். போலீஸ் தன்னைக் கட்டாயப்படுத்தி மருத்துவமனையில் சேர்த்தால் வாழ்நாள் முழுக்கத் துப்பாக்கி வைத்திருக்கும் உரிமை போய்விடும், அக்டோபரில் காட்டுக்கு வேட்டையாடப் போகாமல் தான் எதற்கு இருக்க வேண்டும் என்று கேட்டான். நெல்டா காதைத் தீட்டிக்கொண்டாள். அக்டோபர் என்றான் இல்லையா? அக்டோபரைப் பற்றிப் பேசுகிறவனை ஊர் மருத்துவரிடமாவது இழுத்துக்கொண்டு போய்விடலாம். மறுநாளே இழுத்துக்கொண்டு போனாள். அவர் மாத்திரை கொடுத்தார், வாரம் ஒருமுறை பேச ஓர் ஆளையும் ஏற்பாடு செய்தார். துப்பாக்கியை வீட்டைவிட்டு அகற்றுவது நல்லது என்றும் ஆலோசனை சொன்னார். ஆஹா, அது இவர்களுக்குத் தோன்றவே இல்லை பாருங்கள்.

கடைசியில் வழி சொன்னதும் ஓரின்தான். மருத்துவரிடமிருந்து திரும்பும் வழியில், காரில், பழைய குரல் கொஞ்சம் எட்டிப் பார்த்தது. கைத்துப்பாக்கியை வீட்டுக்குள்ளேயே இன்னொருவர் கையில் கொடுத்துவைக்கலாம். அது அந்த வீட்டைவிட்டு வெளியே போகாத வரை தங்கள் மாநிலத்துச் சட்டம் ஒன்றும் சொல்லாது என்றான்.

நெல்டா காரின் வேகத்தைக் குறைத்தாள்.

"அப்ப நான் அந்த வீட்டை விட்டு வெளிய போகலைன்னா சரியாப் போச்சு. இல்லையா?"

"எத்தன நாளைக்கு?"

"அது உன் கையில இருக்கு."

துப்பாக்கியைத் தகரப் பெட்டியில் வைத்துப் பூட்டி, சாவியைக் கழுத்துச் சங்கிலியில் கோத்துக்கொண்டாள். ஆனால் நெல்டா எதையும் அரைகுறையாகச் செய்கிறவள் இல்லை. ஒரே கூரைக்குக் கீழே பூட்டு எத்தனை நாள் தாங்கும்? குவாரியில் பாறையைப் பிளந்தவனுக்குத் தகரப் பெட்டி ஒரு பொருட்டா? சொந்தத் துப்பாக்கியாக ஆக்கிக்கொண்டால்தான் அதை எங்கே வைப்பது என்று தான் முடிவு செய்யலாம். அதற்கு அவள் பென்சில்வேனியாக்காரியாக ஆக வேண்டும்.

ஆனாள். வடகரை வீட்டை வாடகைக்கு விட்டாள். பூனை, தையல் இயந்திரம், குளியலறைத் திரை, எல்லாம் பாலம் தாண்டி வந்தன. மாதா கோயில் விருந்துக் குழுவில் பல வருஷமாகச் சண்டை போட்டுப் பிடித்த உருளைக்கிழங்கு சாலட் பொறுப்பை, கண்ணில் நீர் வர, எதிரிக்கே விட்டுக்கொடுத்தாள். நியூயார்க்கின் வரிக்குப் பயந்து ஓடுகிறாள் என்று அங்கே எல்லோரும் பேசிக்கொண்டார்கள். அவளும் ஆமாம் என்றாள். அந்தக் காரணத்தைத்தான் யாரும் மேற்கொண்டு துருவ மாட்டார்கள்.

அவள் இனி தென்கரைவாசி என்று காட்டும் புது ஓட்டுநர் உரிமம் வருவதற்குள் ஓரின் சவரம் செய்யத் தொடங்கியிருந்தான். அக்காவின் சமையலைக் குறை சொன்னான். ஒரு நாள் உணவகத்துக்குக்கூடப் போனான், ஆனால் யாருக்கும் பாடம் எடுக்கவில்லை. நல்ல நாட்கள் இருந்தன. மற்ற நாட்களில் அவன் பார்வை அவள் கழுத்துச் சங்கிலியில் போய் நிற்கும். அப்போதெல்லாம் அவள் சத்தமாகப் பாத்திரம் கழுவுவாள்.

ஒரு சனிக்கிழமை காலை இருவரும் தகரப் பெட்டியோடு ஹார்ன்பெக்கின் கடைக்குப் போனார்கள். சட்டம் விரும்பியபடியே எல்லாம் நடந்தது. துக்கத்தில் இருக்கும் தம்பியிடமிருந்து ஆயுதத்தை அகற்ற வந்த அக்காவை, அவள் யோக்கியதையைப் பற்றி அக்குவேறு ஆணிவேறாகக் கேட்டார்கள். நீ எப்போதாவது குற்றம் செய்தாயா, போதைப் பழக்கம் உண்டா, புத்தி சரியாக இருக்கிறதா? ஓரினை யாரும் ஒன்றும் கேட்கவில்லை. அவன்தான் கொடுக்கிறவன் ஆயிற்றே. கொடுக்கிறவனிடம் என்ன கேள்வி? கணினி யோசித்தது. நெல்டா காபி குடித்து முடிப்பதற்குள் அவள் யோக்கியமானவள் என்று தெரியவந்தது.

ஹார்ன்பெக் பெட்டியை அவள் பக்கம் தள்ளினான். வாழ்த்துச் சொல்லிக் கை குலுக்கினான். ஊரில் உள்ள தன் உறவுக்காரன் ஒருவனின் இரும்புப் பெட்டகத்தை மாத வாடகைக்குப் பேசி வைத்திருப்பதாகவும், இனி துப்பாக்கி அவள் சொத்து, எங்கே வேண்டுமானாலும் பூட்டலாம் என்றும் சொன்னான். இத்தனை நாள் சுமந்ததை இறக்கிவைத்துவிட்டோம் என்று நெல்டா நினைத்தாள். அழுகை வந்தது, அடக்கிக்கொண்டாள்.

ஹார்ன்பெக் கெட்டவன் இல்லை. ஓரின் எதற்காக இதைக் கொடுக்கிறான் என்பது அவனுக்கு நன்றாகவே தெரியும். ஆனால் இருபது வருஷமாகக் கண்ணாடிப் பெட்டிக்குப் பின்னால் நிற்கிற மனுஷன். எதிரே ஒருவன் வெறுங்கையோடு நின்றால் அவன் வாய் தானாகவே திறந்துகொள்ளும்.

"உனக்கு ஒண்ணும் வேணாமா ஓரின்? இந்த வாரம் தள்ளுபடி போகுது. நீ நமக்குத் தெரிஞ்ச ஆளு, பத்து நிமிஷத்துல முடிச்சிரலாம்."

சொன்ன பிறகுதான் தான் சொன்னது அவனுக்கே உறைத்தது. முகம் சிவந்து போனது. ஆனால் சொன்னது பொய்யில்லை. ஓரின் யோக்கியமானவன், அது கணினிக்கும் தெரியும். காத்திருக்கும் காலம் என்று அந்த மாநிலத்தில் ஒன்று கிடையாது. வீடு மாறி, மாநிலம் மாறி, சாலட் பொறுப்பைக்கூட விட்டுவிட்டு அவள் அகற்றியதைப் போல இன்னொன்றை, அவன் மதியச் சாப்பாட்டுக்கு முன்பே வாங்கிவிடலாம். இதை நெல்டா ஏன் ஒரு தடவைகூட யோசிக்கவில்லை? சட்டம் தெரிந்த அவனுக்கு முதல் நாளிலிருந்தே தெரிந்துதான் இருக்கும்.

ஓரின் கண்ணாடிப் பெட்டியைப் பார்த்தான். வெகுநேரம் பார்த்தான். அவன் கை சட்டைப்பையில் பணப்பை இருந்த இடத்தின் மேல் கிடந்தது. நெல்டா தன் பக்கம் இருந்த தகரப் பெட்டியைப் பிடித்துக்கொண்டாள். அதற்கு மேல் அவளுக்கு அங்கே ஒரு அதிகாரமும் கிடையாது.

"வேணும்னா அக்காகிட்டக் கேட்டுத்தான் சொல்லணும்" என்றான் ஓரின்.

ஹார்ன்பெக் நெல்டாவைப் பார்த்தான். ஓரினும் திரும்பி அவளைப் பார்த்தான். பள்ளிப் பேருந்தில் ஏறும் பிள்ளை, உட்காரலாமா என்று பார்ப்பது போலப் பார்த்தான்.

"கூடாது" என்றாள் நெல்டா.

"கூடாதாம்" என்று ஹார்ன்பெக்கிடம் சொல்லிவிட்டு, ஓரின் அவளுக்காகக் கடைக் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டான்.