அட்டையின் ஓரத்தில் பாதி முகம்

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். இந்தக் கதை எனக்குத் தோன்றியதல்ல, பெட்டியோடு வந்தது.

1989 செப்டம்பர். நியூ ஜெர்சி எடிசனில் எங்கள் தெருக்கோடி வீட்டு டாக்டர் திரேசா, வீட்டை விற்றுவிட்டு சான்டா கிளாராவுக்குக் குடிபோவதாக, பழைய சாமான்களை வாசலில் பரப்பி யார்ட் சேல் போட்டிருந்தார். யாழ்ப்பாணத்துக்காரர். மூன்று வருஷமாக ஒரே தெரு. பார்த்தால் சிரிப்பார். அவர் கணவரை நாங்கள் பார்த்ததெல்லாம் முதுகுதான். காலையில் காரில் ஏறும் முதுகு, மாலையில் கராஜுக்குள் மறையும் முதுகு.

நான் ஒரு மேசை விளக்குக்காகப் போனேன். இசைத்தட்டுகள் நிறைந்த பெட்டியொன்றையும் கையில் கொடுத்தார். "பெட்டியோட கொண்டுபோங்கோ. பிரிச்சுப் பாக்க எனக்கு நேரமில்லை."

பிரித்துப் பார்த்தவன் நான். அடியில் ஒரு இங்கிலாந்து ராக் கோஷ்டியின் தட்டு. பெயர் 'தி வெட் அம்பரெல்லாஸ்'. மழை நாட்டுப் பிள்ளைகள், வேறென்ன பெயர் வைப்பார்கள்? அட்டையில் கடற்கரை. நீளக் கோட்டு போட்ட மூன்று வெள்ளைக்கார இளைஞர்கள் ஊரில் எல்லோரும் செத்துப்போனதுபோல் நிற்கிறார்கள். வலது ஓரத்தில், கலங்கலாக, பாதி முகம். மாநிறத்துப் பாதி முகம். பின்னட்டையில்: 'பேஸ் கிட்டார் – ஏ. ராஜா'.

இது ஒரு நுனி. இன்னொரு நுனி எங்கள் பிச்சுமணி மாமா போன தீபாவளி விருந்தில் வாழைக்காய் பஜ்ஜியோடு பரிமாறிய வம்பு. இந்தப் பக்கத்தில் ஒரு சிலோன்காரர் வீட்டில் லண்டன் மாப்பிள்ளையைப் பெண் வீட்டார் பார்க்க வந்தார்களாம், கிட்டார் வாசிக்கச் சொன்னார்களாம், வீட்டுக்காரரின் ஸ்டீரியோ புகைந்துபோனதாம், கடைசியில் அந்தப் பெண்ணே அவனைக் காரில் ஏற்றிக்கொண்டு எங்கேயோ போய்விட்டதாம்.

மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுவதுதான் என் தொழில். போட்டேன்.

2

மழை தூறிக்கொண்டிருந்த ஒரு லண்டன் மாலையில்—

(நிறுத்தினேன். நான் லண்டனைப் பார்த்தது விமான நிலையத்தில் நாலு மணி நேரம், கண்ணாடி வழியாக.)

அல்பிரட் மகேந்திரராசா புரட்சிக்காரனாகப் பிறந்தான்—

(பொய். பேஸ் வாசிப்பவர்கள் புரட்சி செய்வதில்லை. மற்றவர்கள் புரட்சி செய்யும்போது தாளம் தவறாமல் பார்த்துக்கொள்கிறார்கள்.)

சரி, நேராகவே சொல்கிறேன். அட்டையின் ஏ. ராஜா, அதாவது அல்பிரட், யாழ்ப்பாணத்து மானிப்பாயில் பிறந்து ஏழு வயதில் பெற்றோரோடு லண்டன் போனவன். அங்கே அவர்கள் போகும் தேவாலயத்தில் ஆர்கனின் கால்கட்டைகள் பழுதாகிக் கீழ்ச் சுரங்கள் வராமல் போயின. திருத்தும்வரைக்கும் என்று பாதிரியார் ஒரு பழைய பேஸ் கிட்டாரைப் பதினாலு வயது அல்பிரட்டின் கையில் கொடுத்தார். ஆர்கனைத் திருத்தி முடித்தபோது அவனைத் திருத்த முடியாமல் போய்விட்டது. பத்தொன்பதில் பாலிடெக்னிக்கை விட்டான். கொலின் என்ற பாட்டுக்காரனோடு சேர்ந்து ஏழு வருஷம் மதுக்கடைகளின் பின்னறைகளில் வாசித்தான். 1985 கோடையில் ஒருவழியாக ஒரு தட்டுப் பதிவாகியது. தட்டு வெளிவருமுன்பே, அதிலிருந்து முன்கூட்டி அனுப்பிய ஒரு பாட்டை அமெரிக்காவின் கல்லூரி வானொலிகள் விடாமல் போட, நாலு பேரும் ஒரு வேனில் அமெரிக்கா சுற்றக் கிளம்பினார்கள்.

என் மனைவி அனந்தலக்ஷ்மி இதுவரை படித்துவிட்டு, "ஏன்னா, நீங்க இந்தப் பாட்டைக் கேட்டேளா?" என்றாள்.

இல்லை. எங்கள் பிளேயரில் ஊசி இல்லை. கேட்காத பாட்டைப் பற்றி எழுதுவது ஒரு வகையில் சௌகரியம்.

3

இனி எல்லோரும் பேசியாகவேண்டும். நான் மாயவரத்துக்காரன், எனக்குத் தெரிந்த யாழ்ப்பாணத் தமிழ் முழுவதும் "வாங்கோ, இருங்கோ"வில் முடிந்துவிடும். ஆகவே எழுத எழுதப் பக்கங்களை டாக்டர் திரேசாவிடமே கொடுத்துத் திருத்தச் சொன்னேன். பெட்டிகளுக்கு நடுவே நின்றபடி முதல் பக்கத்தைப் படித்தார். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. "சிவப்புப் பேனை இருக்கோ?" என்று மட்டும் கேட்டார். கீழே நட்சத்திரம் போட்டது அவர் கைவரிசை.

நவம்பர் மாதத்துச் சனிக்கிழமை. ஹோபோக்கனில் கச்சேரி முடிந்ததும் அல்பிரட் எடிசனில் இருக்கும் தன் சின்னம்மா மேர்சியின் வீட்டுக்கு வந்துவிட்டான். ஐந்து வாரமாக அவன் சோற்றைக் கண்ணால் பார்த்ததில்லை. மூன்று தட்டுப் புட்டு இறங்கிய பிறகுதான் சின்னம்மா வாயைத் திறந்தாள்.

"மோனை, நாளைக்குப் பூசை முடிஞ்சு ஒரு மணிக்கு ஒரு குடும்பம் வருகுது. நல்ல சனம். பெட்டை டொக்டருக்குப் படிச்சவள். நீ ஒண்டும் கதைக்க வேண்டாம். ரெண்டு பாட்டு வாசிச்சுக் காட்டு, காணும்." *

"சின்னம்மா, நாளைக்கு மூண்டரைக்கு அஸ்பரி பார்க் பீச்சில எங்கட ரெக்கார்ட் கவருக்குப் படம் எடுக்கினம். நான் கட்டாயம் நிக்கவேணும்."

"ஒரு படத்துக்கோ இவ்வளவும்? சித்தப்பாட்ட நல்ல கெமரா இருக்குது. நான் சொல்லி எடுப்பிக்கிறன்."

அவனுக்குச் சிரிக்கவும் முடியவில்லை, மறுக்கவும் முடியவில்லை. வயிற்றில் மூன்று தட்டுப் புட்டு இருக்கும்போது எந்த மனிதனுக்கு மறுக்கத் தைரியம் வரும்? ஆனால் கொலின் சொல்லி அனுப்பியது காதில் ஒலித்துக்கொண்டேயிருந்தது. ஒரு ஒத்திகையை மச்சாள் கல்யாணத்துக்காகவும் ஒரு கச்சேரியைப் பெரியப்பா இறந்த முப்பத்தோராம் நாள் பூசைக்காகவும் அல்பிரட் ஏற்கெனவே விட்டிருந்தான். "உனக்கு மொத்தம் எத்தனை ஆன்ட்டிகள்டா?" என்று கேட்ட கொலின், இந்த முறை நிதானமாகவே சொன்னான்: படத்துக்கு வராவிட்டால் வேனிலும் உனக்கு இடமில்லை, லீட்ஸிலிருந்து வேறொருவன் வருவான்.

ஏழு வருஷம். முதல் தட்டு. அதன் அட்டையில் தன் முகம். அல்பிரட் இந்த உலகத்தில் வேறெதையும் இவ்வளவு விரும்பியதில்லை.

* நான் 'பொண்ணு' என்று எழுதியிருந்தேன். அடித்து 'பெட்டை' என்று எழுதிய டாக்டர், ஓரத்தில் சேர்த்தது: 'டொக்டருக்குப் படிச்சவள் இல்லை, டொக்டர்.' சரிதான். 'காணும்' என்றால் போதும் என்று அர்த்தமாம்.

4

நம் ஊர் வழக்கம் உங்களுக்குத் தெரியும். பெண் பார்க்க வந்தவர்கள் பெண்ணைப் பாடச் சொல்வார்கள், அவளும் பாடித் தொலைப்பாள். அமெரிக்கா வந்ததும் மேர்சி சின்னம்மா அந்த வழக்கத்தைத் தலைகீழாக மாட்டிவிட்டாள். பெண் இரண்டு பட்டம் வாங்கியவள். மாப்பிள்ளையின் கையில் இருப்பது ஒரு கிட்டார்தான். அப்போது யார் வாசித்துக்காட்ட வேண்டும்?

பையிலிருந்து அதை எடுத்ததுமே சின்னம்மாவுக்குத் திக்கென்றது. "நாலு கம்பிதான் கிடக்குது! மற்ற ரெண்டும் எங்கை?"

"இதுக்கு நாலுதான், சின்னம்மா."

ஹாலில் பெண்ணின் அப்பா, அம்மா, நடுவில் வசந்தமலர் (பெயர் நான் வைத்தது). சித்தப்பா தர்மராசா தன் புது ஸ்டீரியோவின் மேலிருந்த பிளாஸ்டிக் உறையை முதல்முறையாகக் கழற்றினார். பேஸ் கிட்டாருக்கென்று தனிப் பெட்டி வேண்டும், அது வேனில் இருக்கிறது, இதில் செருகினால் தாங்காது என்று அல்பிரட் சொல்லிப் பார்த்தான். "இது ஜப்பான் சாமான்" என்று சித்தப்பா செருகினார்.

அல்பிரட் கண்ணை மூடி, தட்டிலேயே தனக்கு மிகவும் பிடித்த பாட்டில் தன் பங்கை வாசித்தான். தும். தும்தும். தும். நாலு நிமிஷம். ஒரு பிசகில்லை. கடைசிச் சுரம் அடங்கும்வரை விரலைக் கம்பியின்மேல் வைத்திருந்துவிட்டுக் கண்ணைத் திறந்தான்.

பெண்ணின் அப்பா தலையசைத்தார். "சரி தம்பி, இனிப் பாட்டைத் தொடங்கும்."

"சுருதி பாத்தவன்," என்றாள் சின்னம்மா அவசரமாக. "இனித்தான் தொடங்குவான்."

அல்பிரட்டுக்குக் காது மடலெல்லாம் சுட்டது. ஏழு வருஷமாகச் செய்துகொண்டிருக்கும் வேலை இந்த ஹாலில் இன்னும் தொடங்கவேயில்லை. அவனுக்கு அழுகை வந்தது என்றே எழுதுகிறேன், அதை மறைத்து எனக்கு ஆகப்போவதென்ன? வேறு வழியில்லாமல் அதையே திரும்ப வாசித்தான், இன்னும் கொஞ்சம் பலமாக. இரண்டாவது நிமிஷத்தில் வலது பக்க ஸ்பீக்கரிலிருந்து புகை வந்தது.

சித்தப்பா பாய்ந்தார். பெண்ணின் அம்மா ஜன்னலைத் திறந்தாள். அந்த அமளியில் வசந்தமலர் மட்டும் அவனைப் பார்த்துக் கேட்டாள்: "பாட்டுக்கு நடுவில நீங்கள் நிப்பாட்டினா என்ன நடக்கும்?"

அமெரிக்காவில் ஐந்து வாரமாக யாரும் அவனிடம் எதுவும் கேட்டதில்லை. கேள்வியெல்லாம் கொலினுக்குத்தான். "பெரிசா ஒண்டும் நடக்காது. எல்லாருக்கும் என்னவோ காணேல்லை எண்டு இருக்கும். என்ன எண்டு தெரியாது," என்றான்.

(இந்த வரியை எழுதிவிட்டு நான் காபி குடிக்கப் போனேன், அவ்வளவு திருப்தி. அனந்தலக்ஷ்மி படித்துவிட்டு, "சமையலறையில இருக்கறவாளுக்கும் இதே கதைதான், அவாளைப் பத்தி யார் எழுதறா?" என்றாள்.)

இந்த இடத்தில் வசந்தமலர் அவனுடைய தும்தும்மின் மேல் ஒரு பாட்டை எடுத்துப் பாடுவாள், ஹாலே உருகும் என்றுதானே எதிர்பார்த்தீர்கள்? நானும்தான். ஒரு பக்கம் எழுதினேன். டாக்டர் திரேசா அந்தப் பக்கம் முழுவதையும் குறுக்கே அடித்து 'அவளுக்குப் பாட வராது' என்று எழுதிவிட்டார். நல்ல விமரிசகர் என்று நினைத்துக்கொண்டேன்.

5

மணி இரண்டரை. பெண்ணின் அப்பா விடவில்லை. "தம்பி, என்ர ஒஃபிசில கம்ப்யூட்டர் ட்ரெயினிங் குடுக்கினம். ஆறு மாசம். பிறகு கிரீன் கார்டுக்கும் அப்ளை பண்ணலாம். யோசியும்." நல்ல மனுஷன். கெட்டவராக இருந்திருந்தால் அல்பிரட்டுக்கு வேலை சுலபமாகியிருக்கும்.

வசந்தமலர் எழுந்தாள். "எனக்கு நியூவார்க்கில டியூட்டி. இவரைப் போற வழியில இறக்கிவிடுறன்."

நியூவார்க் வடக்கே. அஸ்பரி பார்க் தெற்கே. அந்த ஹாலில் அது தெரியாதவர் ஒருவரும் இல்லை.

வெள்ளை டொயோட்டா கார்டன் ஸ்டேட் பார்க்வேயில் தெற்கே போனது. முதல் இருபது நிமிஷம் அவள் ஆஸ்பத்திரியைப் பற்றிப் பேசினாள், அவன் ஆர்கனைப் பற்றிப் பேசினான். பிறகு அவள் சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல், "நீங்கள் நிண்டா எனக்குச் சந்தோசம். ஆனா நில்லுங்கோ எண்டு கேக்க மாட்டன்," என்றாள்.

அவன் சொன்ன மறுமொழி எனக்குத் தெரியவில்லை. தெரிந்திருந்தால் நான் எழுதியிருப்பேன்.

கடற்கரையில் வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது. மணலில் மூன்று கோட்டுகள். கொலின் கையை வீசிக் கத்தினான். "உள்ளே வா, இல்லையென்றால் போ!" படமெடுப்பவர் கண்ணைக் கேமராவில் வைத்துவிட்டார். மரப்பலகை நடைபாதையின் ஓரத்தில் வசந்தமலர், கையைக் கட்டிக்கொண்டு. இரண்டுக்கும் நடுவே மணலில் அல்பிரட்.

கிளிக்.

அதுதான் என் கையிலிருக்கும் அட்டை. ஓரத்தில் கலங்கல். பாதி முகம். இதை எப்படி அட்டையில் போட்டார்கள் என்று கேட்காதீர்கள். நம் கல்யாண ஆல்பத்தில் கிழித்துப் போடும் படத்தைத்தான் இந்த மாதிரிக் கோஷ்டிகள் பொறுக்கி எடுத்து அட்டையில் போடும்.

என் சங்கடம் வேறு. அவன் படத்துக்குள் ஓடி வந்துகொண்டிருக்கிறானா, வெளியே போய்க்கொண்டிருக்கிறானா? பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்துவிட்டேன். கலங்கலில் கால் தெரியவில்லை.

முடிவு அ: உள்ளே வந்தான். வேன் மேற்கே கிளம்பிய—

முடிவு ஆ: திரும்பி நடந்தான். அவள் கார்க் கதவைத்—

முடிவு இ (அனந்தலக்ஷ்மி): "படம் எடுத்தவனுக்குக் கை நடுங்கித்து. அவ்வளவுதான்."

இசைத்தட்டுக் கடையில், இவர்களுடைய அடுத்த தட்டு வந்ததா, அதில் பேஸ் யார் என்று விசாரித்தேன். கடைக்காரர் இந்தப் பெயரையே கேள்விப்பட்டதில்லை.

6

இன்று காலை டாக்டர் திரேசா மிச்சப் பக்கங்களைத் தபால்பெட்டியில் போட்டுவிட்டுப் போயிருந்தார். ஐந்தாம் பகுதியில் பேச்சு எதையும் தொடவில்லை. 'வெள்ளை டொயோட்டா' மட்டும் அடிபட்டிருந்தது. ஓரத்தில் சிவப்பில்:

'டட்சன். பச்சை. ஹீட்டர் வேலை செய்யாது.'

டொயோட்டாவைத்தான் யாழ்ப்பாணத்தில் அப்படிச் சொல்வார்களோ என்று நான் யோசித்துக்கொண்டிருந்தபோது அனந்தலக்ஷ்மி காகிதத்தைப் பிடுங்கிப் பார்த்தாள். பார்த்துவிட்டு என்னைப் பார்த்தாள். "நீங்கதான் எழுத்தாளராக்கும்," என்றாள்.

தட்டை எடுத்துக்கொண்டு ஓடினேன். வாசலில் சாமான் லாரி, பக்கத்தில் டாக்டர். கராஜ் கதவு பாதி ஏறியிருந்தது. உள்ளே ஒரு மனிதர் எங்களுக்கு முதுகைக் காட்டியபடி பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்.

"உங்களுடையது. தெரியாமல் எடுத்துப் போய்விட்டேன்," என்று நீட்டினேன்.

டாக்டர் திரேசா அட்டையை ஓரத்தில் பிடித்து வாங்கினார். பிறகு அந்தப் பாதி முகத்துக்கு வலப்பக்கம், அட்டை முடிந்து ஒரு விரற்கடை தள்ளி, வெறும் காற்றில் விரலை வைத்தார்.

"நான் இதில நிண்டனான்."

பதினைந்து நாளாக இவரிடம் இவர் கதையையே கொடுத்து, ஒற்றெழுத்து சரியா என்று கேட்டிருக்கிறேன்.

"டாக்டர்... அவர் வந்தாரா, போனாரா?"

சிரித்தார். "முடிவை நீங்கள்தானே எழுதவேணும்?" கராஜ் பக்கம் தலையைத் திருப்பினார். "கூப்பிடட்டோ?"

கூப்பிட்டால் அந்த முதுகு திரும்பும். அட்டையிலிருக்கும் பாதி முகத்தின் மற்றப் பாதி அதில் இருந்தால், அவன் படத்தைவிட்டு வெளியேறிவிட்டான். ஏழு வருஷமும் வேனும் முதல் தட்டும் போயின, யாருக்கும் காணாமல் போனது என்னவென்று தெரியவில்லை. வேறு யாராவது திரும்பினால், அவன் உள்ளே ஓடிவிட்டான். அன்று சாயங்காலம் ஒருத்தி ஹீட்டர் இல்லாத காரில் தனியாக வடக்கே ஓட்டிக்கொண்டு போனாள். எனக்கு இரண்டு பேரையும் பிடித்துப்போய்விட்டது. ஒருவரையும் என் கையால் தோற்கடிக்க மனம் வரவில்லை.

"ஒரு நிமிஷம், டாக்டர்," என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து இதுவரைக்கும் எழுதிவிட்டேன். ஜன்னல் வழியாகத் தெரிகிறது. லாரி இன்னும் கிளம்பவில்லை, அவர் தட்டை மார்போடு வைத்துக்கொண்டு வாசலிலேயே நிற்கிறார், உள்ளே முதுகு குனிந்து நிமிர்கிறது.

கூப்பிடுவதானால் நீங்கள் போய்க் கூப்பிடுங்கள். என்ன பெயர் சொல்லி என்பதையும் நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.