நூற்று நாற்பது எழுத்துக்குள்

அக்காவிடம் ஒரு விஷயத்தை உடனே சொல்லியாக வேண்டும். அவள் போனை எடுக்கமாட்டாள். மெசேஜ் பார்க்கமாட்டாள். உங்கள் கையில் இருப்பது ஒரே ஒரு வரி. அதை அவளும் படிப்பாள், அவளைத் தேடி அலைகிறவனும் படிப்பான். நீங்களாக இருந்தால் என்ன எழுதுவீர்கள்?

தங்கைக்கு இந்தக் கேள்வி வந்து விழுந்தது ஒரு பகல் பதினொன்றரை மணி வாக்கில். ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில், இரண்டு கையிலும் ரப்பர் உறையோடு, ஆவி பறக்கும் படுக்கை விரிப்புகளுக்கு நடுவே அவள் நின்றுகொண்டிருந்தாள்.

அக்கா இருந்தது வேறு தேசத்தில், இரண்டு விமானம் மாறிப் போகிற தூரத்தில். கடிகாரம் மட்டும் இரண்டு ஊரிலும் ஒரே மணி காட்டும். கீழே ஜெராக்ஸ் கடை இருக்கிற ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாவது மாடியில் ஓர் அறை. அதில் ஒரு தையல் மிஷின், ஒரு மேசை, துணி மலை. புதிதாக எதையும் அவள் தைப்பதில்லை. திருத்த வேலை மட்டும்தான். இடுப்பு பிரிப்பாள், நீளம் குறைப்பாள், ஜிப் மாற்றுவாள். "ஊர்ல யார் பெருத்தா, யார் இளைச்சான்னு என்னைக் கேளுங்க" என்பாள். தினமும் ஒன்பதிலிருந்து ஒரு மணி வரை மிஷினுக்கு எதிரே போனை நிறுத்தி நேரலை விடுவாள். இருநூறு பேர் வருவார்கள். அவள் முகம் அதிகம் தெரியாது. கைகள்தான் தெரியும். இடது மணிக்கட்டை அவள் முழுசாகத் திருப்பமாட்டாள். அது அவளுடைய பாணி என்று பார்க்கிறவர்கள் நினைத்தார்கள். அந்த மணிக்கட்டை உடைத்தது அவள் புருஷன். அவனை விட்டு ஓடிவந்து மூன்று வருஷம் ஆகிறது. தங்கை மனசுக்குள் இன்னும் அவனை 'அத்தான்' என்றுதான் நினைத்துத் தொலைத்தாள். வாய்ப் பழக்கம். நினைக்கிற ஒவ்வொரு தடவையும் நாக்கைக் கடித்துக்கொள்வாள்.

அவள் இருக்கிற ஊரை மோப்பம் பிடித்து வந்துவிட்டான், முகவரி மட்டும்தான் கிடைக்கவில்லை. நேரலையையும் கண்டுபிடித்துவிட்டான். தடை செய்தால் புதுப் பெயரில் வருவான். எந்தப் பெயரில் வந்தாலும் அக்காவை 'மகாராணி' என்றுதான் எழுதுவான், அதனால் ஒளிய முடியாது. அவன் எழுதுவதைக் கண்ணால் பார்க்கக்கூடாது என்று அக்கா தன் திரையில் அரட்டையை மறைத்துவிட்டாள். நேரலை ஓடும்போது அழைப்பு வந்தால் படம் அறுந்துபோகும் என்று அழைப்பு, செய்தி எல்லாவற்றையும் அடைத்துவிட்டாள். மிச்சம் அவள் கண்ணுக்குத் தெரிவது மேலே இருக்கிற தலைப்பும் பார்க்கிறவர்களின் எண்ணிக்கையும் மட்டும்தான்.

அந்தத் தலைப்பு தங்கையின் பொறுப்பு. அவள்தான் அந்த நேரலைக்கு மாடரேட்டர். அக்காவைத் தவிர தலைப்பை மாற்ற முடிந்த ஒரே ஆள். அவள் திரையில் தலைப்புக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் பென்சில் இருக்கும். அதைத் தொட்டால் பெட்டி திறக்கும்: தலைப்பு நூற்று நாற்பது எழுத்துக்குள், கீழே வகை, குறிச்சொற்கள், சேமி. அக்கா ஒரு வேலையை முடித்து "அடுத்தது" என்றதும் தலைப்பு மாற வேண்டும். பார்க்கிறவர்கள் தங்கைக்கு 'தலைப்புக்காரி' என்றே பெயர் வைத்துவிட்டார்கள்.

அந்தப் பொறுப்பைக் கொடுத்த அன்று அக்கா போனில் சொன்னாள்: "இந்த உரிமைய வேற ஒருத்தருக்கும் குடுக்கப் போறதில்ல. நீ ஒருத்திதான். கை ஒழுங்கா இருக்கணும், ஆமா."

"என் கைக்கு என்னக்கா? எட்டு மணி நேரம் சோப்புத் தண்ணிலதான் ஊறுது. என்னைவிடச் சுத்தமான கை உனக்குக் கிடைக்காது."

உறை போட்ட கையால் தட்டச்சு செய்ய முடியாது. அதனால் அக்கா காலையில் அனுப்பும் வேலைப் பட்டியலைத் தங்கை முன்கூட்டியே குறிப்பேட்டில் அடித்து வைத்துக்கொள்வாள். வேளை வரும்போது ஒரு விரலை மட்டும் உறையிலிருந்து உருவி, ஒரு வரியை நகலெடுத்து, பெட்டியில் ஒட்டி, சேமித்து, விரலைத் திரும்பச் சொருகிக்கொள்வாள். பத்து விநாடி வேலை.

அன்று காலை ஒரு பழைய வாடிக்கைக்காரருக்கு அக்காவின் முகவரியைத் தனிச் செய்தியில் அனுப்பியிருந்தாள். கோட்டுப் பார்சல் அனுப்ப அவர் கேட்டிருந்தார். பதினொன்று முப்பத்தொன்றுக்கு அக்கா "அடுத்தது ஜிப்" என்றாள். தங்கை விரலை உருவினாள், நகலெடுத்தாள், ஒட்டினாள். சூப்பர்வைசரின் தள்ளுவண்டிச் சத்தம் கேட்டது. பார்க்காமலே சேமி என்பதைத் தொட்டுவிட்டு போனைப் பைக்குள் போட்டாள்.

ஈர விரல். நகல் பதியவே இல்லை. பெட்டியில் ஒட்டியது காலையில் நகலெடுத்த முகவரி.

நான்கு நிமிஷம் கழித்துத்தான் எடுத்துப் பார்த்தாள். அக்கா குனிந்தபடியே ஜிப்பில் மூழ்கியிருந்தாள், தலைப்பைக் கவனிக்கவில்லை. அரட்டையில் ஒருவர் எழுதியிருந்தார்: "இது என்ன ஜிப்புங்க, மூணாவது மாடி வரைக்கும் போகுது?" நாலைந்து பேர் சிரித்திருந்தார்கள். அதற்குக் கீழே, அதுவரை பார்த்திராத ஒரு பெயரில்:

"மகாராணிக்கு மூணாவது மாடியா. நல்லது. இருபது நிமிஷத்துல வர்றேன்."

எழுதிய நேரம் 11:34.

புத்திக்கு எட்டும் முன்பே விரல் அவனைத் தடை செய்துவிட்டது. தலைப்பை அழித்து "ஜிப் மாற்றம்" என்று போட்டாள். அதற்குப் பிறகுதான் புரிந்தது. தடை செய்தால் அவனால் எழுதத்தான் முடியாது, பார்க்கலாம். படிக்கலாம். இனி அவன் எங்கே வருகிறான் என்று இவளுக்குத்தான் தெரியாது.

அழைத்துப் பார்த்தாள். போகவில்லை. மறுபடி அழைத்தாள். அவசர எண்ணை அழுத்தலாம், ஆனால் வந்து நிற்பது இந்த ஊர் ஆம்புலன்ஸாக இருக்கும். அக்கா திரையில் ஒரு கால்சட்டையைப் புரட்டிப் போட்டு, பல் போன ஜிப்பைப் பிரித்துக்கொண்டிருந்தாள். ஏதோ ஒரு பாட்டை மூக்கால் முணுமுணுத்தாள்.

பென்சிலைத் தொட்டாள். அவனும் படிப்பானே. அவனுக்குத் தெரியாமல் அக்காவை அறையைவிட்டு இறக்க வேண்டும். யோசித்து அடித்தாள்: "அடுத்து நீலக் கோட்டு. கீழே ஜெராக்ஸ் கடையில் ஆள் காத்திருக்கிறார். உடனே கொண்டுபோய்க் கொடு."

அக்கா நிமிர்ந்தாள். உதடு அசையப் படித்தாள்.

"நீலக் கோட்டா? எந்த நீலக் கோட்டு? அது போன வாரமே போயிடுச்சே! எங்க தலைப்புக்காரிக்கு இன்னிக்கு என்னமோ ஆயிடுச்சுங்க. சோப்பு வாசனை தலைக்கேறிடுச்சு போல."

மறுபடி குனிந்துவிட்டாள். 11:39.

தங்கைக்கு இன்னொன்று தோன்றியது. வகையைத் தப்பாகப் போட்டால் அக்காவுக்குப் பொறுக்காது. ஒரு தடவை 'சமையல்' என்று மாறிப்போனதற்கு நேரலையை நிறுத்திவிட்டு அழைத்து, பத்து நிமிஷம் வறுத்தெடுத்தாள். இப்போதும் அப்படித் திட்ட அழைக்கட்டும். கைவேலை என்பதை எடுத்துவிட்டு மீன்பிடி என்று வைத்தாள். சேமித்தாள். அழைப்பு வருமென்று போனையே முறைத்துப் பார்த்தாள்.

"மீன்பிடியா!" அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். "சரி விடுங்க. ஊசி இருக்கு, நூல் இருக்கு, புழு ஒண்ணுதான் பாக்கி. யார்கிட்டயாவது இருக்கா?"

மிஷின் மறுபடி ஓட ஆரம்பித்தது. 11:43.

"என்னம்மா, துணி காயுதா, நீ காயுறியா?" சூப்பர்வைசர் பின்னால் வந்து நின்றார். "அந்தப் போனையும் மிஷின்ல போடு. அதாவது வெளுக்கும்."

ஒன்று அவளுக்கு உறைத்தது. அவன்தான் கிளம்பிவிட்டானே, இனி அவன் படித்தால் என்ன, படிக்காவிட்டால் என்ன? அவனுக்காக அவள் மறைக்கவில்லை. நேராக எழுதினால் முகவரி எப்படிப் போனது என்பதையும் எழுத வேண்டும். நீலக் கோட்டு, மீன்பிடி எல்லாம் அதற்காகத்தான். அக்காவை இறக்கிவிட்டு, தப்பையும் அமுக்கிவிடலாம் என்ற ஆசை. அதற்கு ஒன்பது நிமிஷம் செலவு.

இரண்டு உறைகளையும் கழற்றி எறிந்தாள். விரல் ஊறிச் சுருங்கியிருந்தது, திரை கேட்கவில்லை. ஆபரேஷன் தியேட்டருக்கு மடித்து வைத்திருந்த விரிப்பை இழுத்துக் கையைத் துடைத்தாள்.

"ஏய், அது சுத்தம் பண்ணி வச்ச..." என்று ஆரம்பித்தார் சூப்பர்வைசர். அவள் அடிப்பதைத் தோளுக்கு மேலாகப் படித்தார்.

"அக்கா நான் உன் முகவரியைத் தலைப்புல போட்டுட்டேன். என் தப்பு. அவன் பார்த்துட்டான். 11:54க்கு வர்றான். கதவைப் பூட்டு."

சேமி.

சூப்பர்வைசர் போய் இஸ்திரி மிஷினை அணைத்தார். கூடம் அமைதியானது. போனிலிருந்து தையல் மிஷினின் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு அதுவும் நின்றது.

அக்கா தலைப்பைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். சிரிப்பு இல்லை. எழுந்தாள். மேல் தாழ்ப்பாள், நடுத் தாழ்ப்பாள், சாவி, மூன்று சத்தமும் தனித்தனியாகக் கேட்டன. மேசையைத் தள்ளிக் கதவுக்கு முட்டுக் கொடுத்தாள். நேரலையை அணைத்துவிட்டு யாரையாவது அழைப்பாள் என்று தங்கை நினைத்தாள். அவள் அணைக்கவில்லை. போனைத் தாங்கியோடு தூக்கிக் கதவைப் பார்த்துத் திருப்பி வைத்தாள்.

"இருநூத்திப் பதினாலு பேர் இருக்கீங்க," என்றாள். குரல் மட்டும் வந்தது. "யாரும் எழுந்து போயிடாதீங்க. தலைப்புக்காரி, நீ உன் வேலையப் பாரு."

தங்கை பென்சிலைத் தொட்டாள். "கதவைப் பாருங்கள். பதிவு செய்யுங்கள். யாராவது பக்கத்தில் இருந்தால் போலீசுக்கும் கீழே ஜெராக்ஸ் கடைக்கும் சொல்லுங்கள்." அரட்டை மேலே மேலே ஓடியது. போலீசுக்குச் சொல்லியாச்சு என்று மூன்று பேர். நடுவே ஒரு பெண்: "அந்த அட்ரஸ நானும் பார்த்தேன். ரெண்டு தெரு தள்ளிதான் இருக்கேன். ஓடுறேன். என் பேண்ட் வேற அங்கதான் கிடக்கு."

11:52க்குக் கதவு தட்டப்பட்டது. மெதுவாக, மூன்று தட்டு, பார்சல்காரர் தட்டுவதுபோல.

"யாரு?" என்றாள் அக்கா.

பதில் இல்லை. ஒருவேளை வாடிக்கைக்காரரோ என்று தங்கைக்கு ஒரு நப்பாசை வந்தது. ஒன்று, இரண்டு என்று பத்து விநாடி போயிருக்கும். கதவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து மெல்லியதாக, தகர டப்பாவுக்குள் பேசுவதுபோல அக்காவின் குரலே கேட்டது: "யாரு?"

நேரலை பத்து விநாடி தாமதமாகத்தான் போகும். அவன் கையில் போன் ஓடிக்கொண்டிருந்தது. வெளியே நின்று உள்ளே நடப்பதைப் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

கைப்பிடி கீழே இறங்கியது. மேலே வந்தது. மறுபடி இறங்கியது.

"சத்தத்தையாவது குறைச்சிட்டு வந்திருக்கலாம்ல?" என்றாள் அக்கா. பத்து விநாடி கழித்து அந்தக் கேலி கதவுக்கு வெளியே அவனுக்கே கேட்டது. உடனே கதவில் ஓர் உதை விழுந்தது. மேசை ஒரு சாண் நகர்ந்தது. தாழ்ப்பாளின் ஓர் ஆணி தெறித்துத் தரையில் உருண்டது. இன்னோர் உதை. தங்கை வாயில் விரிப்பைத் திணித்துக்கொண்டு நின்றாள்.

படியில் செருப்புச் சத்தம். ஜெராக்ஸ் கடைக்காரரின் குரல்: "யாரு சார்? என்ன வேணும்?"

"இது எங்க வீட்டு விஷயம். நீ போ."

"வீடு எங்க சார் இருக்கு இங்க? இது கடை. கதவு ஓனரோடது. உதைக்கிறதா இருந்தா அவரைக் கேட்டுட்டு உதைங்க."

பின்னாலேயே ஒரு பெண், மூச்சிரைக்க: "நகருங்க, நகருங்க. என் பேண்ட் உள்ள இருக்கு. போலீசு வந்து பூட்டிடப் போறாங்க, அதுக்குள்ள வாங்கணும்."

இன்னும் சில காலடிகள். ஏதோ வாக்குவாதம், சரியாகக் கேட்கவில்லை. பிறகு ஒரு ஜோடிக் கால் மட்டும் வேகமாகப் படி இறங்கியது. கதவுக்கு வெளியே மற்றவர்கள் ஒரே நேரத்தில் பேசினார்கள். அக்காவின் கை திரைக்கு முன்னால் வந்தது, மணிக்கட்டு திரும்பாத அந்தக் கை. படம் கறுத்தது. 'நேரலை முடிந்தது' என்று வந்தது.

"உட்காரும்மா," என்றார் சூப்பர்வைசர். "அந்த விரிப்பை நான் திரும்ப வெளுக்கிறேன்."

அன்று தங்கை பதினொரு செய்தி அனுப்பினாள். பன்னிரண்டு தடவை அழைத்தாள். சாயங்காலம் ஒரே ஒரு வார்த்தை வந்தது: "இருக்கேன்."

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு நேரலை தொடங்கிய அறிவிப்பு வந்தது. மிஷின் அதேதான், பின்னால் சுவர் வேறு. தலைப்பை அக்காவே எழுதியிருந்தாள்: "ஜிப் மாற்றம், நேத்து பாக்கி." தங்கையின் திரையில் அதற்குப் பக்கத்தில் பென்சில் இல்லை.